இரண்டாவது டிஸ்க்

மாடிப்படியில் தண்ணீர் வழிந்துகொண்டிருந்தது.

ஞாயிற்றுக்கிழமை. காலை பதினொன்றரை மணி. தூத்துக்குடி மில்லர்புரம்.

அனுசியா துவைத்த துணி வாளியைக் கீழே வைத்துவிட்டு அண்ணாந்து பார்த்தாள். மாடி போர்ஷன் குழாயை யாரோ மூடாமல் விட்டிருந்தார்கள்.

யாரோ என்ன... மாடியில் இருப்பது ஒரே ஆள்தான். கிருபாநிதி. நாசரேத்துக்காரர். வயது அறுபத்தெட்டு. மனைவி இறந்து போனவர். கப்பல்காரர்கள் வந்து தங்குகிற விடுதி ஒன்றில் முப்பது வருடம் வார்டனாக இருந்து ஓய்வு பெற்றவர். பத்து வருடமாக இந்த வீட்டில் குடியிருக்கிறார். ஒரு நாளும் குழாயைத் திறந்து போட்டதில்லை.

"அண்ணாச்சி..."

மறுபடி கூப்பிட்டாள்.

ஏறினாள். கதவு சும்மா சாத்தியிருந்தது. தள்ளினாள்.

கிருபாநிதி தரையில் குப்புறக் கிடந்தார்.

சர்ச்சுக்குப் போகிற வெள்ளைச் சட்டை. முதுகின் மேல் சாய்ந்து கிடந்த இரும்பு ஷெல்ஃப். சுற்றிலும் டிஸ்க்குகள்... நூற்றுக்கணக்கில்... உடைந்தும் உடையாமலும். நெற்றியோரம் ரத்தம். காய்ந்து கறுத்திருந்தது.

அனுசியா கத்தவில்லை.

அவளுக்குக் கத்த வராது. பதினேழு வருடங்களுக்கு முன்னால் ஒரு நாள் கத்தினாள். அன்றைக்கே எல்லாம் தீர்ந்துவிட்டது.

முதலில் போய்க் குழாயை மூடினாள்.

திரும்பி வந்தபோது போன் அடித்தது. கிருபாநிதியின் போன். கட்டில் மேல் கிடந்தது. வெளிநாட்டு நம்பர்.

நின்றது. மறுபடியும் அடித்தது.

எடுத்தாள்.

"மிஸ்டர் நிதி?" ஆண் குரல். ஆங்கிலம். "நான் டெல்ஃபின், மனிலாவிலிருந்து. அந்த இரண்டு இந்தியர்கள் வரும் காட்சி இருக்கிறது என்று நேற்று சொன்னீர்களே... அதையும் காப்பி எடுத்து அனுப்ப முடியுமா?"

"அவர் இறந்துவிட்டார்" என்றாள் அனுசியா. துறைமுகச் சாலை எடை மேடையில் லாரிகளுக்கு எடை போடுகிறவள். வடநாட்டு டிரைவர்களோடு பேசிப் பேசி ஆங்கிலம் ஓரளவு பழக்கம்.



"கடவுளே..." என்றது குரல். பிறகு தயங்கித் தயங்கிக் கேட்டது.

"படம் பத்திரமாக இருக்கிறதா?"

* * *

எஸ்.ஐ. சண்முகவடிவு சிரிக்காமல் பேசுகிற ரகம்.

"யாருக்கா முதல்ல பாத்தது?"

"நாந்தான் மேடம்."

"எதையாவது தொட்டீங்களா?"

"குழாயை."

"வேற?"

"அவிய போனை. அடிச்சுது, எடுத்தேன்."

"பொணம் கிடக்கு. நீங்க போனை எடுத்துப் பேசுதீங்க."

"அடிச்சுக்கிட்டே இருந்துது மேடம்."

சண்முகவடிவு அவளை ஏற இறங்கப் பார்த்தாள். அழுத தடம் இல்லை. நடுக்கம் இல்லை. நாற்பத்தாறு வயதுப் பெண், ரேஷன் கடை வரிசையில் நிற்பது போல நின்றாள்.

வாசலில் ஸ்கூட்டர் சத்தம். கையில் மீன் பையோடு மகாராஜன் படியேறி வந்தான். அனுசியாவின் கணவன். ஐம்பது வயது. முன்னாள் கப்பல்காரன். இப்போது துறைமுகத்தில் சரக்கு ஏற்றி இறக்கும் கம்பெனி ஒன்றில் சூப்பர்வைசர்.

"ஐயையோ... அண்ணாச்சிக்கு என்னாச்சு?"

"அதைத்தான் பாத்துக்கிட்டு இருக்கோம். நீங்க எங்க போயிருந்தீங்க?"

"திரேஸ்புரம். மீன் வாங்க."

"எத்தனை மணிக்குக் கிளம்புனீங்க?"

"எட்டரை இருக்கும்."

"இப்ப மணி பன்னெண்டு. மீனை நீங்களே கடல்ல போய்ப் புடிச்சீங்களோ?"

மகாராஜன் முகத்தைத் துடைத்துக்கொண்டான். "கூட்டாளிய பாத்தேன். பேசிக்கிட்டு நின்னுட்டேன் மேடம்."

"சரி. கீழ இருங்க. ஆம்புலன்ஸ்காரன் தெரு தெரியாம சுத்துதானாம். வழி சொல்லுங்க."

அவன் இறங்கிப் போனான்.

உடலை எடுத்துப் போன பிறகு சண்முகவடிவு கையுறை மாட்டிக்கொண்டு ஒரு டிஸ்க் உறையை எடுத்தாள். அட்டையில் ஈரப் புடவை மாதிரி எதையோ சுற்றிக்கொண்டு ஒரு பெண். கண்ணில் கண்ணீர். மற்ற இடங்களில் மழை.

"என்னக்கா இது? பெரியவர் சர்ச்சுல மணியடிக்கிற கோயில் குட்டியார்னு சொன்னாங்க."

"நானும் ஒருக்கா கேட்டுட்டேன் மேடம். அசிங்கப் படமா அண்ணாச்சின்னு. ‘அசிங்கப் படம் இல்லம்மா, அழுவுற படம். நடுவுல துணி கொஞ்சம் கம்மி’ன்னாவ."

"எங்கேருந்து வந்துது இவ்வளவும்?"

"விடுதிக்கு வார பிலிப்பைன்ஸ் பையங்க விட்டுட்டுப் போனது. அவங்க ஊருல டிஜிட்டல் கேமரா வந்த புதுசுல, ஒரு வாரம் பத்து நாள்ல எடுத்த படமாம். தியேட்டர்ல ரெண்டு நாள் ஓடும், அப்புறம் விசிடி. கம்பெனியை மூடிட்டுப் போயிட்டாங்க. ஒரிஜினல் டேப்பையும் விடல... அழிச்சு அது மேலயே அடுத்த படம் எடுத்துட்டாங்களாம். இப்ப அந்த ஊருலயே கிடைக்காத படம் சிலது இங்கன கிடக்குன்னு அண்ணாச்சிக்கு ஒரே பெருமை."

"கொலை பண்ணுற அளவுக்குப் பெருமையா?"

அனுசியா மேசைப் பக்கம் கையைக் காட்டினாள்.

மேசை மேல் ஒரு நீளமான நோட்டு. ஒவ்வொரு படத்துக்கும் ஒரு நம்பர், அழகான கையெழுத்தில். கடைசிப் பக்கத்தில் 212-ஆம் நம்பருக்கு அடியில் சிவப்பு மையில் கோடு. படத்தின் பெயரை அவர் தமிழிலும் எழுதி வைத்திருந்தார். ‘ஈரக் கயிறு’. இரண்டு டிஸ்க்.

"போன்ல கேட்டது இந்தப் படம்தானா?"

"பேரு சொல்லல. ரெண்டு இந்தியர் வார காட்சின்னாரு."

ஒரு மணி நேரம் தேடினார்கள். 211 இருந்தது. 213 இருந்தது.

212 இல்லை.

"வந்தவன் எடுத்துட்டுப் போயிட்டான்" என்றாள் சண்முகவடிவு. பிறகு மூலையில் இருந்த பழைய டி.வி.யைப் பார்த்தாள். அதன் மேல் ஒரு டிஸ்க் பிளேயர். சின்னச் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

பட்டனை அழுத்தினாள்.

தட்டு மெல்ல வெளியே வந்தது. அதில் ஒரு டிஸ்க்.

ஈரக் கயிறு. டிஸ்க் இரண்டு.

"உறையை மட்டும் தூக்கிட்டுப் போயிருக்கான்" என்றாள் சண்முகவடிவு. "இவன்லாம் கல்யாண வீட்டுக்குப் போனா இலையை மட்டும் சாப்பிட்டுட்டு வருவான்."

* * *

படம் கட்டம் கட்டமாகத் தெரிந்தது. வெளிறிய நிறம். மழைச் சத்தத்தில் பாதி வசனம் கேட்கவில்லை.

கதாநாயகி அழுதாள். குளித்தாள். மறுபடி அழுதாள். சண்முகவடிவு ஓட்டி ஓட்டிப் பார்த்தாள்.

துறைமுகத்து பார் ஒன்று. கதாநாயகி கவுன்டரில் தலை சாய்த்து விம்முகிறாள். அவளுக்குப் பின்னால் ஒரு மேசை. அங்கே இரண்டு பேர்.

"நிறுத்துங்க மேடம்."

நிறுத்தினாள்.

"பின்னாடி ஓட்டுங்க."

ஓட்டினாள்.

இடது பக்கம் இருந்தவன் தட்டை வழித்துச் சாப்பிட்டான். எதற்கோ சிரித்தான். தன் கிளாஸில் இருந்ததை எதிரே இருந்தவன் கிளாஸில் ஊற்றினான். இடது கையால் காது மடலைச் சொறிந்தான்.

பதினோரு விநாடி. கேமரா நகர்ந்துவிட்டது.

பதினேழு வருடமாக அவன் ஒரு போட்டோவாகத்தான் இருந்தான். ஹாலில், மாலைக்கு நடுவில், அசையாமல். காதைச் சொறிகிற பழக்கம் இருந்ததையே அவள் மறந்து போயிருந்தாள்.

மெலிஞ்சுட்டாரு, என்று நினைத்தாள். அதற்கு மேல் எதுவும் தோன்றவில்லை.

"தெரிஞ்ச ஆளாக்கா?"

"என் வீட்டுக்காரர்."

"எது? இடது பக்கமா, வலது பக்கமா?"

"ரெண்டு பேரும்."

சண்முகவடிவு திரும்பிப் பார்த்தாள்.

"இடது பக்கம் முதல்ல கட்டுனவர். செந்தூர்வேல். வலது பக்கம் இப்ப இருக்கிறவர்... கீழ இருக்காவளே."

"முதல் ஆளு எங்க?"

"செத்துட்டாரு. ரெண்டு பேரும் ஒரே கப்பல், ஒரே கேபின். ரெண்டாயிரத்தெட்டு, ஆகஸ்ட் பதினஞ்சு. மனிலாவுல இருந்து கிளம்பி நாலு மணி நேரத்துல... நடுக்கடல்ல விழுந்துட்டாரு."

"யாரு பாத்தது?"

"இவியதான் பாத்தாவ. அவருக்கு மனிலாவுல காய்ச்சலாம். ரெண்டு பேரும் கப்பலை விட்டு இறங்கவே இல்லையாம். கேபின்லயே படுத்திருந்தவர், ராத்திரி வாந்தி எடுக்க டெக்குக்குப் போயிருக்காரு. குனிஞ்சவர் அப்படியே விழுந்துட்டாருன்னு எழுதிக் கொடுத்தாவ. ரெண்டு நாள் தேடியும் கிடைக்கல. மூணு வருஷம் கழிச்சு இவிய என்னைக் கட்டிக்கிட்டாவ."

சண்முகவடிவு டி.வி.யைப் பார்த்தாள். உறைந்து நின்ற படத்தில் செந்தூர்வேல் வாயைத் திறந்து சிரித்துக்கொண்டிருந்தான்.

"காய்ச்சக்காரன் மாதிரி தெரியலையே."

மனிலாவுக்கு போன் போட்டாள். ஸ்பீக்கரில் டெல்ஃபின் வந்தான். அந்தப் படத்தில் அவன் லைட்மேனாக வேலை பார்த்தவனாம். அவனே வேலை பார்த்த படத்தின் காப்பி அவனிடமே இல்லை. ஊர் ஊராக, நாடு நாடாகத் தேடி, கடைசியில் கிருபாநிதியைப் பிடித்திருந்தான்.

"அந்த பார் காட்சி எப்போது எடுத்தது?"

"ஆகஸ்ட் பதினான்கு, இரண்டாயிரத்து எட்டு. சாயங்காலம் ஆறு மணி. நிஜமான பார். உட்கார்ந்திருந்தவர்கள் நிஜமான ஆட்கள்."

"தேதி இவ்வளவு சரியாக எப்படி நினைவிருக்கிறது?"

"அன்றைக்கு என் பிறந்தநாள் மேடம். அந்த பாரில்தான் கேக் வெட்டினோம்."

சண்முகவடிவு போனை வைத்தாள்.

"கப்பல் கிளம்புனது எப்போ?"

"அன்னைக்கே ராத்திரி பத்து மணிக்கு."

"அக்கா... நீங்க ஒண்ணு பண்ணணும். இந்த டிஸ்க் நம்ம கிட்ட இருக்குன்னு உங்க வீட்டுக்காரருக்குத் தெரியவே கூடாது. ரெண்டு நாள். உங்களால முடியுமா? இல்ல, அம்மா வீட்டுக்குப் போயிருதீங்களா?"

"போனா சந்தேகம் வரும் மேடம்."

"பயமா இல்லையா?"

அனுசியா யோசித்துப் பார்த்தாள். நேர்மையாகவே யோசித்தாள்.

"தெரியல" என்றாள்.

* * *

அந்த மீனைத்தான் சாயங்காலம் குழம்பு வைத்தாள்.

மகாராஜன் சாப்பிட்டான். மறு சோறு வாங்கினான்.

"நல்ல மனுசன் போயிட்டாரு" என்றான்.

"ம்."

"போலீஸ்காரி என்ன சொல்லுதா?"

"திருடன் வந்திருக்கலாம்னு."

"என்னமும் காணாம போயிருக்காமா?"

"அவ்வளவு டிஸ்க்ல எது இருக்கு, எது இல்லன்னு யாருக்குத் தெரியும்."

அவன் தோள்கள் லேசாக இறங்கியதை அவள் பார்த்தாள். மோர் ஊற்றினாள்.

"ஏங்க..."

"என்னளா?"

"மனிலாவுல நீங்க இறங்கவே இல்லையா?"

சோற்றைப் பிசைந்த கை நின்றது. ஒரே நொடி. பிறகு மறுபடி பிசைந்தது.

"எத்தனை தடவை சொல்லியிருக்கேன். அவனுக்குக் காய்ச்சல். அவனை விட்டுட்டு நான் எங்கன போவேன்?"

"இல்ல... அண்ணாச்சி செத்ததும் பழசெல்லாம் ஞாபகம் வருது."

"நினைக்காத. ஊறுகாயை எடு."

எடுத்துக் கொடுத்தாள்.

மறுநாள் திங்கள்கிழமை. அவள் எடை மேடைக்குப் போனாள். நாற்பத்தோரு லாரி வந்தது. உப்பு, நிலக்கரி, ஆறுமுகநேரியிலிருந்து ஒரு கெமிக்கல் டேங்கர். வண்டி ஏறும், நம்பர் வரும், சீட்டு கிழிப்பாள். ஒரு நம்பரும் தப்பவில்லை. அதை அவளே ஆச்சரியமாகப் பார்த்தாள்.

சாயங்காலம் வழக்கம் போல மகாராஜனின் டிபன் பாக்ஸை எடுக்க ஸ்கூட்டர் சீட்டைத் தூக்கினாள்.

டிபன் பாக்ஸுக்கு அடியில், பழைய துண்டுக்குள் சுற்றி... ஒரு டிஸ்க் உறை. முனையில் ஒட்டிய சின்னச் சீட்டில் அழகான கையெழுத்து.

212.

திறந்தாள். இரண்டு டிஸ்க் வைக்கும் இடம். முதல் டிஸ்க் மட்டும் இருந்தது.

பக்கத்து இடம் காலியாக இருப்பது இன்னும் அவனுக்குத் தெரியவில்லை. பயத்தில் திறந்தே பார்க்கவில்லை போலிருக்கிறது. எரிக்கவோ உடைக்கவோ ஆளில்லாத நேரத்துக்குக் காத்திருக்கிறான்.

"என்னளா பண்ணுத அங்கன?"

உள்ளேயிருந்து அவன் குரல்.

"டிபன் பாக்ஸ் எடுக்கேன்."

துண்டைச் சுற்றினாள். இருந்த இடத்திலேயே வைத்தாள். சீட்டை மூடினாள். டிபன் பாக்ஸைக் கழுவிக் கவிழ்த்தாள்.

பிறகு பாத்ரூமுக்குள் போய், தண்ணீரைத் திறந்துவிட்டு, எஸ்.ஐ.க்கு போன் போட்டாள்.

* * *

செவ்வாய்க்கிழமை மத்தியானம் மூன்று மணி. ஸ்டேஷன்.

சண்முகவடிவின் மேசை மேல் மூன்று பொருள்கள். ஒரு லேப்டாப். ஸ்கூட்டரிலிருந்து எடுத்த உறை. மூடிய பிரவுன் கவர் ஒன்று.

மகாராஜன் எதிரே உட்கார்ந்திருந்தான். சுவரோரம் பெஞ்சில் அனுசியா.

சண்முகவடிவு லேப்டாப்பைத் திருப்பினாள்.

பதினோரு விநாடி.

முடிந்ததும் மறுபடி போட்டாள்.



"இது... யாரோ..."

"உங்க சம்சாரம் அடையாளம் சொல்லியாச்சு. தேதியும் தெரியும். கப்பலை விட்டு இறங்கவே இல்லைன்னு எழுதிக் கொடுத்தீங்க. பெரியவர் உண்மையைக் கண்டுபிடிச்சுட்டாரு. சனிக்கிழமை உங்களுக்கு போன் போட்டிருக்காரு... ஏழு நிமிசம் பேசியிருக்கீங்க. ஞாயித்துக்கிழமை காலையில மேல போய், ஷெல்ஃபை அவர் மேல தள்ளி, டிஸ்க்கைத் தூக்கிட்டு மீன் வாங்கப் போயிட்டீங்க."

"இல்ல மேடம். நான் மேல போனேன், அது உண்மை. வாங்க, உங்க கூட்டாளியைக் காட்டுதேன்னு கூப்பிட்டாரு. ஒன்பது மணிக்குப் போனேன். அப்பவே செத்துக் கிடந்தாரு. மேசையில அந்த உறை இருந்துது, எடுத்தேன். அவ்வளவுதான். அவரை நான் தொடக்கூட இல்ல."

"செத்தவரைப் பாத்துட்டு யாருக்கும் சொல்லாம மீன் வாங்கப் போனீங்க."

"பயந்துட்டேன்."

"எதுக்குப் பயம்? கப்பலை விட்டு இறங்கினதுக்கா? அதுக்கு எவன் பதினேழு வருஷம் கழிச்சுத் தூக்குல போடுவான்? நீங்கதான் கொன்னீங்க. கைரேகை இருக்கு, டிஸ்க் இருக்கு, போன் கால் இருக்கு. ஆயுள் தண்டனை. எழுதவா?"

"நான் கொல்லல."

"எழுதுதேன்."

"மேடம், நான் கொல்லல..."

"ஏட்டையா, பேப்பர் கொண்டாங்க."

மகாராஜன் மேசையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான். 

"ஒருத்தனைக் கொன்னுட்டே பதினேழு வருஷமா தூக்கமில்லாம கிடக்கேன். இன்னொருத்தரை வேற கொல்லுவேனா?"



சொன்னது என்னவென்று அவனுக்கே அப்போதுதான் புரிந்தது. வாய் திறந்தபடி இருந்தது.

சண்முகவடிவு பேனாவைக் கீழே வைத்தாள். "ஒருத்தனையா" என்றாள் மெதுவாக. "எப்படி?"

அவன் அனுசியாவைப் பார்த்துத்தான் சொன்னான்.

"பார்ல இருந்து திரும்பி வந்தோம். அனு... அவன் கப்பல் வேலையை விடப் போறேன்னான். ஊருக்குப் போயி உங்கூடவே இருக்கப் போறேன்னான். உன்னைப் பொண்ணு பாக்க வந்தப்ப கூட வந்தவன் நான். அன்னையிலேருந்து... சொல்லத் தெரியல. ஒரு தள்ளு தள்ளினேன். கப்பலுக்கும் வார்ஃபு சுவருக்கும் நடுவுல தண்ணிக்குள்ள விழுந்தான். அவன் படுத்திருக்கான்னு எல்லார்கிட்டயும் சொன்னேன். கடலுக்குள்ள போன பிறகு, விழுந்துட்டான்னு கத்தினேன்."

ரெண்டு நாள் தேடிய கடலில் அவன் இருக்கவே இல்லை. அனுசியா அதை மனசுக்குள் சொல்லிப் பார்த்தாள்.

"கூப்பிட்டாரா?" என்று கேட்டாள்.

"என்ன?"

"விழுந்த பிறகு. கூப்பிட்டாரா?"

மகாராஜன் தலையைக் குனிந்தான். "ரெண்டு தடவை."

"என்னன்னு?"

"என் பேரைச் சொல்லி."

அவள் தலையை ஆட்டினாள். லாரி டிரைவர் நம்பர் சொன்னால் ஆட்டுவது போல.

ஏட்டு வந்து மகாராஜனை உள்ளே கூட்டிப் போனார். அவன் நிலைப்படியில் நின்று திரும்பினான். அனுசியா சுவரில் இருந்த காலண்டரைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

சண்முகவடிவு பிரவுன் கவரைப் பிரித்து, ஒரு காகிதத்தை அவள் பக்கம் தள்ளினாள்.

"போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட். காலையிலயே வந்துட்டு."

"என்ன போட்டிருக்கு மேடம்?"

"மாரடைப்பு. காலை எட்டு மணி வாக்குல. விழும்போது ஷெல்ஃபைப் பிடிச்சிருக்காரு, அது சாஞ்சிருக்கு. கீழ மோட்டார் ஓடின சத்தத்துல உங்களுக்குக் கேட்டிருக்காது. நெத்தியில மேசை முனை. கிருபாநிதியை யாருமே கொல்லலக்கா. உங்க வீட்டுக்காரர் சொன்னது அத்தனையும் நிஜம்."

அனுசியா காகிதத்தை வாசித்தாள். கடைசி வரி வரைக்கும் வாசித்தாள்.

"அவிய சும்மா இருந்திருந்தா..."

"என் கையில இருந்தது நடக்காத கொலையோட கேஸ்தான். வாயைத் திறக்காம இருந்திருந்தா இன்னைக்குச் சாயங்காலமே வீட்டுக்கு அனுப்பியிருக்கணும். இங்கன சொன்னது கோர்ட்டுல செல்லாதுதான். மாஜிஸ்ட்ரேட் முன்னால சொல்ல வைக்கணும். மனிலாவுக்கும் எழுதியிருக்கோம். அந்த வாரம் துறைமுகத்துல கிடைச்ச பிணமெல்லாம் கணக்குல இருக்கும். தேட வேண்டிய இடமாவது இப்ப தெரிஞ்சுதே."

"கிடைப்பாரா?"

"தெரியலக்கா. பொய் சொல்ல மாட்டேன்."

அனுசியா எழுந்தாள். கைப்பையை எடுத்தாள். கதவு வரைக்கும் போனவள் நின்றாள்.

"மேடம்... அந்தப் பதினோரு விநாடியை என் போன்ல ஏத்தித் தர முடியுமா?"

"தாரேன்." சண்முகவடிவு ஃபைலை மூடினாள். முதல் தடவையாக அவள் குரல் கொஞ்சம் இளகியிருந்தது. "என்ன இருந்தாலும் மனசாட்சின்னு ஒண்ணு இருந்திருக்கு போலக்கா அந்த ஆளுக்கு. பதினேழு வருஷம் தூங்கலையாம்."

அனுசியா செருப்பை மாட்டினாள்.

"அதையும் நம்பி எழுதிக்கிடாதீங்க மேடம். குறட்டையில பக்கத்து வீட்டுக்காரன் வீட்டைக் காலி பண்ணிட்டுப் போனான்."